குவாய்க்குரு என்பது ஒரே மொழியா, யார் பேசுகிறார்கள்?

ஒரே மொழி இல்லை, மொழிக்குடும்பம். தென் அமெரிக்காவின் கிரான் சாக்கோ சமவெளிதான் தாயகம். அர்ஜென்டினாவில் கோம் (தோபா), பிலகா, மொகோவி, பிரேசிலில் கதிவேயு. அபிபோன் மொழி வழக்கொழிந்துவிட்டது. 'குவாய்க்குரு' என்பதே குவாரனி என்ற இன்னொரு பழங்குடி மக்கள் இம்மொழிகளைப் பேசுவோருக்கு வைத்த பெயர், அதுவும் மரியாதையான பெயர் இல்லை.

எனக்குப் பிடித்தது இலக்கணம்தான். நம் 'இந்த', 'அந்த' தூரத்தை மட்டும் சொல்லும். கோம், பிலகா மொழிகளின் சுட்டுச்சொற்களோ பொருள் நிற்கிறதா, உட்கார்ந்திருக்கிறதா, படுத்திருக்கிறதா, நெருங்கி வருகிறதா, விலகிப் போகிறதா என்றும் காட்டும். கண்ணில் படாததற்குத் தனிச்சொல்!

அப்புறம் வரலாறு. ஸ்பானியர் கொண்டுவந்த குதிரையிலேயே ஏறி அவர்களை நெடுங்காலம் எதிர்த்தவர்கள் இவர்கள். 1924இல் அர்ஜென்டினாவின் நபல்பி என்ற இடத்தில் கோம், மொகோவி மக்கள் நூற்றுக்கணக்கில் கொல்லப்பட்டார்கள். அது மனிதகுலத்துக்கு எதிரான குற்றம் என்று தீர்ப்பு வந்தது 2022இல்தான். அந்நாட்டின் சாக்கோ மாகாணத்தில் 2010 முதல் கோம், மொகோவி இரண்டும் ஆட்சிமொழிகள்.