சிவிடி கியர்பாக்ஸுக்கு எந்த ஆயில்? வாசகர் கேள்விகளும் பதில்களும்

இந்த முறை சிவிடி, அதாவது படிப்படியாக இல்லாமல் விகிதம் தொடர்ச்சியாக மாறும் ஆட்டோமேட்டிக் கியர்பாக்ஸின் ஆயில் பற்றி வந்த கடிதங்களை மட்டும் எடுத்துக்கொண்டிருக்கிறோம். ஒரே மாதிரிக் கேள்விகளை ஒன்றாகச் சேர்த்துவிட்டோம்.

கேள்வி: என்னிடம் 2017 ஹோண்டா சிட்டி பெட்ரோல் சிவிடி இருக்கிறது. 52,000 கி.மீ. ஓடிவிட்டது. கியர்பாக்ஸ் ஆயில் இதுவரை மாற்றவில்லை. தெரிந்த மெக்கானிக், “ஆட்டோமேட்டிக் எல்லாத்துக்கும் ஒரே ஆயில்தான் சார், சிவப்பு ஏடிஎஃப் ஊத்திடலாம்” என்கிறார். ஊற்றலாமா?
– வாசகர், கோயம்புத்தூர்

பதில்: கூடாது. ஏடிஎஃப் என்பது சாதாரண ஆட்டோமேட்டிக் கியர்பாக்ஸுக்கான ஆயில். உங்கள் வண்டிக்கு ஹோண்டாவின் சிவிடி ஆயிலான எச்சிஎஃப்-2 மட்டும்தான்.

காரணத்தைத் தெரிந்துகொண்டால் மெக்கானிக்கிடம் நீங்களே விளக்கலாம். சிவிடிக்குள் கியர் வரிசை கிடையாது. கூம்பு வடிவத் தட்டுகள் கொண்ட இரண்டு கப்பிகள், அவற்றுக்கு இடையே ஒரு எஃகு பெல்ட், அவ்வளவுதான். அந்த பெல்ட் சுமார் 400 மெல்லிய எஃகுத் துண்டுகளை வளையத்தில் கோத்தது. கப்பித் தட்டுகள் நெருங்கினால் பெல்ட் வெளியே ஏறும், விலகினால் உள்ளே இறங்கும். அப்படித்தான் கியர் விகிதம் மாறுகிறது. பல்லும் பல்லும் மாட்டிக்கொண்டு இழுக்கிற இடமே பெல்ட்டுக்கும் கப்பிக்கும் நடுவில் இல்லை. எஃகின் மேல் எஃகு அழுந்தி, நடுவில் ஒரு மெல்லிய ஆயில் படலத்தோடு, உராய்வினால் மட்டுமே வண்டி நகர்கிறது. ஆக, அந்த ஆயில் இரண்டு வேலை செய்யவேண்டும்: தேயாமல் காக்கவும் வேண்டும், வழுக்காமல் பிடிக்கவும் வேண்டும். மாவு மில்லில் பெல்ட் வழுக்கினால் என்ன ஆகும் என்று பார்த்திருப்பீர்கள். இங்கே வழுக்கினால் கப்பியின் முகத்தில் கோடு விழும். கோடு விழுந்த கப்பியைத் தேய்த்துச் சரிசெய்ய முடியாது, மாற்றத்தான் வேண்டும்.

ஏடிஎஃப் வேறு வேலைக்கானது. அதிலுள்ள உராய்வு மாற்றிகள் கிளட்ச் தட்டுகள் உதறாமல் மென்மையாகப் பிடிப்பதற்காகச் சேர்க்கப்பட்டவை. எஃகுக்கும் எஃகுக்கும் இடையே சிவிடிக்கு வேண்டிய பிடிப்பை அது தராது.

உங்கள் மெக்கானிக் குழம்பியதற்கும் ஒரு நியாயம் இருக்கிறது. 2014க்கு முந்தைய தலைமுறை சிட்டியில் வந்தது 5 கியர் சாதாரண ஆட்டோமேட்டிக். அதற்கு ஏடிஎஃப்தான் சரி. அதற்கும் முந்தைய தலைமுறையில் வந்த சிவிடி வேறு வகை. அதற்கு எச்சிஎஃப்-2 பொருந்தாது. ஒரே பெயர் கொண்ட காருக்குத் தலைமுறைக்குத் தலைமுறை ஆயில் மாறுகிறது. ‘சிட்டி ஆட்டோமேட்டிக்’ என்று மட்டும் சொல்லிக் கடையில் வாங்காதீர்கள். வண்டியோடு வந்த கையேட்டில் அச்சிட்டிருக்கும் பெயரைக் காட்டி வாங்குங்கள்.

நிறத்தைப் பார்த்தும் முடிவு செய்யவேண்டாம். நிறம் என்பது கசிவைக் கண்டுபிடிக்கச் சேர்க்கும் சாயம், அதற்கு மேல் அதில் தகவல் இல்லை. ‘எல்லா சிவிடிக்கும் ஏற்றது’ என்று எழுதிய பாட்டிலை வாங்குவதானால், பின்பக்கப் பட்டியலில் உங்கள் ஆயிலின் பெயர் எழுத்துக்கு எழுத்து இருக்கிறதா என்று பாருங்கள். இருந்தாலும், உத்தரவாதக் காலம் முடியாத வண்டிக்கு நிறுவனத்தின் சொந்த ஆயில்தான் எங்கள் சிபாரிசு. லிட்டருக்கு நூறு, இருநூறு மிச்சம் பிடிக்கப் போய் ஒரு கியர்பாக்ஸைப் பணயம் வைக்கவேண்டாம்.

52,000 கி.மீ. என்றால் இப்போதே மாற்றுங்கள். நகர நெரிசலில் ஓடும் வண்டிக்கு 40,000 கி.மீ.க்கு ஒருமுறை என்று வைத்துக்கொள்வது நல்லது.

கேள்வி: இதே வண்டிதான் எங்களுடையதும். ஆயிலை நானே மாற்ற விரும்புகிறேன். படிப்படியாகச் சொல்ல முடியுமா?
– வாசகர், திருச்சி

பதில்: சொல்கிறோம். வண்டியை நான்கு சக்கரமும் ஒரே மட்டத்தில் நிற்கும்படி தூக்க வசதி இருந்தால் மட்டும் இறங்குங்கள். முன்பக்கத்தை மட்டும் ஜாக்கியில் தூக்கி வைத்தால் லெவல் தவறாகத்தான் காட்டும். ஜாக்கியை மட்டும் நம்பி வண்டிக்கு அடியில் போகவும் கூடாது, ஸ்டாண்டு கட்டாயம்.

வாங்கவேண்டியவை: எச்சிஎஃப்-2 நான்கு லிட்டர், 18 மி.மீ. அலுமினிய வாஷர் ஒன்று, நீளக் குழாய் வைத்த புனல், லிட்டர் கோடு போட்ட ஜாடி, டார்க் ரெஞ்ச் (முறுக்கும் விசையை அளந்து காட்டும் ஸ்பேனர்).

வண்டியைப் பத்து நிமிடம் ஓட்டி, ஆயில் வெதுவெதுப்பானதும் இன்ஜினை நிறுத்துங்கள். கொதிக்கக் கொதிக்கத் திறக்கவேண்டாம், கை வெந்துவிடும். இப்போது முதலில் திறக்கவேண்டியது நிரப்பும் போல்ட். கீழே இருக்கும் டிரெயின் போல்ட்டை முதலில் திறந்து ஆயிலை எல்லாம் வடித்துவிட்டு, பிறகு நிரப்பும் போல்ட் துருப்பிடித்துத் திறக்காமல் போனால் வண்டி நின்ற இடத்திலேயே நிற்கும். இந்த வரிசையை மாற்றிச் செய்து மாட்டிக்கொண்டவர்கள் நிறையப் பேர்.

டிரெயின் போல்ட்டின் தலையில் சதுரக் குழி இருக்கும். 3/8 அங்குல ராட்செட்டின் முனை, சாக்கெட் எதுவும் மாட்டாமல், நேராக அதற்குள் உட்காரும். திறந்து பதினைந்து நிமிடம் விடுங்கள். வடிந்ததை ஜாடியில் அளந்து எழுதி வையுங்கள். ஏறக்குறைய மூன்றரை லிட்டர் வரும். போல்ட்டின் காந்த முனையில் கரும்சாம்பல் நிறத்தில் மை போல ஒரு குழம்பு ஒட்டியிருக்கும். விரலில் தேய்த்தால் நெருடாமல் வழவழவென்று இருந்தால் அது சாதாரணத் தேய்மானம். மினுமினுக்கும் செதில்களோ ஊசி போன்ற துணுக்குகளோ இருந்தால் பெல்ட்டோ கப்பியோ பேரிங்கோ அடிபட்டிருக்கிறது. ஆயில் மாற்றுவதால் அது தீராது.

முனையைத் துடைத்து, புது வாஷர் போட்டு, 49 நியூட்டன் மீட்டருக்கு முறுக்குங்கள். பழைய வாஷர் ஒருமுறை நசுங்கியது, மறுபடி சரியாக அடைக்காது. கியர்பாக்ஸின் வெளிக்கூடு அலுமினியம் என்பதால் பலத்தைக் காட்டினால் மரை போய்விடும். பிறகு எவ்வளவு வடிந்ததோ அவ்வளவையே மெதுவாக ஊற்றுங்கள். இன்ஜினை ஸ்டார்ட் செய்து, பிரேக்கை அழுத்தியபடி லீவரை ஒவ்வொரு நிலையிலும் சில விநாடி நிறுத்தி எடுத்துப் பாருங்கள். கசிவு இருக்கிறதா என்று அடியில் பாருங்கள்.

கடைசியாக லெவல். இதைத்தான் பலர் விட்டுவிடுகிறார்கள். ஆயில் சூடேறினால் விரியும், ஆகவே லெவலை ஒரு குறிப்பிட்ட சூட்டில் பார்த்தால்தான் கணக்கு. ஸ்கேனர் (வண்டியின் கம்ப்யூட்டரைப் படிக்கும் கருவி) மாட்டி ஆயில் சூட்டைப் படித்து, கையேடு சொல்லும் சூட்டில் லெவல் போல்ட்டைத் திறந்து ஆயில் மட்டத்தைப் பார்க்கவேண்டும். குறைந்தால் பம்ப் காற்றை உறிஞ்சும், அழுத்தம் விழும், பெல்ட் வழுக்கும். ‘ஞொய்ங்’ என்று ஒரு சத்தம் வேகத்தோடு ஏறும். அதிகமானால் சுழலும் பாகங்கள் ஆயிலைக் கடைந்து நுரையாக்கும். நுரையிலும் காற்றுதான் இருக்கிறது, விளைவும் அதேதான். வீட்டில் ஸ்கேனர் இல்லையென்றால், அளந்து ஊற்றியபின் ஒர்க்‌ஷாப்பில் லெவலை மட்டும் பார்க்கச் சொல்லுங்கள். வடிந்த ஆயிலைச் சாக்கடையில் ஊற்றாமல் கேனில் பிடித்து அங்கேயே கொடுத்துவிடுங்கள்.

கேள்வி: வழக்கமான ஒர்க்‌ஷாப்பில் இன்ஜின் ஆயில் மாற்றினேன். வெளியே வந்து இரண்டு கிலோமீட்டர் போவதற்குள் இன்ஜின் மட்டும் ரேஸ் ஆகிறது, வண்டி இழுக்கவில்லை. சைலன்சரில் புகை வேறு. சிவிடி பழுதாகிவிட்டது என்கிறார்கள். என்ன நடந்திருக்கும்?
– வாசகர், மதுரை

பதில்: இன்ஜினை உடனே நிறுத்துங்கள், மறுபடி ஸ்டார்ட் செய்யாதீர்கள். இன்ஜின் ஆயில் அளவு காட்டும் கம்பியான டிப்ஸ்டிக்கை எடுத்துத் துடைத்து மறுபடி விட்டுப் பாருங்கள். மேல் கோட்டைத் தாண்டி ஆயில் ஏறியிருந்தால் நடந்தது இதுதான்: இன்ஜின் ஆயில் போல்ட்டுக்குப் பதில் கியர்பாக்ஸ் போல்ட்டைத் திறந்து வடித்துவிட்டு, ஏற்கெனவே நிறைந்திருந்த இன்ஜினில் புது ஆயிலையும் ஊற்றியிருக்கிறார்கள். இரண்டு போல்ட்டும் அடியில் பக்கம் பக்கமாக இருப்பதால் அவசரத்தில் மாறிவிடுகிறது.

செய்யவேண்டியது: வண்டியை ஓட்டாமல் தூக்கிக்கொண்டு போய், இன்ஜின் ஆயிலை முழுவதும் வடித்துச் சரியான அளவுக்கு ஊற்றவேண்டும். கியர்பாக்ஸில் மிச்சம் இருப்பதையும் வடித்து, காந்தத்தைப் பார்த்து, புது சிவிடி ஆயிலைச் சூட்டு லெவல் வரை நிரப்பவேண்டும். செதில் எதுவும் இல்லாமல், ஓட்டும்போது சத்தமும் வழுக்கலும் இல்லையென்றால் தப்பித்தீர்கள். 500 கி.மீ. கழித்து இன்னொருமுறை வடித்துக் காந்தத்தைப் பாருங்கள். எல்லாவற்றையும் படம் எடுத்து வைத்துக்கொண்டு பில்லோடு ஒர்க்‌ஷாப்பிடம் பேசுங்கள். செலவு அவர்களுடையது.

மற்றவர்களுக்கு: ஹோண்டாவில் இன்ஜின் டிரெயின் போல்ட் 17 மி.மீ. அறுகோணத் தலை. சதுரக் குழி இருந்தால் அது கியர்பாக்ஸ். சர்வீஸ் முடிந்ததும் டிப்ஸ்டிக்கை நீங்களே ஒருமுறை இழுத்துப் பார்த்துவிட்டுக் கிளம்புங்கள்.

கேள்வி: ஜப்பானிலிருந்து வந்த டொயோட்டா அக்வா பாவிக்கிறேன். கராஜில் சிவிடி ஒயில் மாற்றவேண்டும் என்கிறார்கள். எந்த ஒயில் வாங்குவது? உறவினரின் வாகன்-ஆருக்கும் சொல்லுங்கள்.
– வாசகர், யாழ்ப்பாணம்

பதில்: அக்வாவுக்கு சிவிடி ஒயில் ஊற்றக்கூடாது. அதில் இருப்பதை ‘இ-சிவிடி’ என்பார்கள். பெயர் ஒன்றாக இருந்தாலும் உள்ளே பெல்ட்டும் இல்லை, கப்பியும் இல்லை. இரண்டு மின் மோட்டார்களும் கோள்சக்கரப் பற்சக்கரத் தொகுதியும்தான். அதற்கு டொயோட்டா ஏடிஎஃப் டபிள்யூஎஸ், மூன்றரை லிட்டருக்குக் கொஞ்சம் குறைவாகப் பிடிக்கும். வாகனம் மட்டமாக நிற்க, நிரப்பும் துளையின் கீழ் விளிம்பு வரை ஒயில் நின்றால் சரி.

டொயோட்டாவில் பெல்ட் வைத்த சிவிடி உள்ள விட்ஸ், அக்ஸியோ போன்றவற்றில் பழையவற்றுக்கு டிசி, பிந்தையவற்றுக்கு எஃப்இ என்று இரண்டு ஒயில். எஃப்இ நீர்த்தது, டிசி கேட்கும் பெட்டியில் அதை ஊற்றவேண்டாம். சுஸுகியில் கிரீன்-1, கிரீன்-2 என்று இரண்டு. உறவினரின் வாகனத்தின் சேசிஸ் எண்ணைக் கொடுத்து உதிரிப்பாகக் கடையில் எது என்று பார்க்கச் சொல்லுங்கள். பெயரில் பச்சை இருக்கிறது என்பதற்காகப் பச்சையாகத் தெரியும் எதையும் வாங்கவேண்டாம்.

கேள்வி: என் கார் 1,10,000 கி.மீ. ஓடிவிட்டது, சிவிடி ஆயில் மாற்றியதே இல்லை. இப்போது மாற்றினால் கெட்டுவிடும் என்று ஒருவர், மெஷின் வைத்து முழுவதும் ஃப்ளஷ் செய்யலாம் என்று இன்னொருவர். யார் சொல்வது சரி?
– வாசகர், சென்னை

பதில்: இருவரும் சொல்வதை விட்டுவிடுங்கள்.

முதலில் வண்டியை ஓட்டிப் பாருங்கள். ஆக்ஸிலரேட்டரை மிதித்தால் ஆர்பிஎம் ஏறி, வேகம் அதோடு சேர்ந்து வராமல் தடுமாறுகிறதா? நின்று கிளம்பும்போது உதறுகிறதா? இல்லையென்றால் தயங்காமல் மாற்றுங்கள். வழுக்கல் ஏற்கெனவே வந்துவிட்ட வண்டியில் ஆயில் மாற்றிய மறுவாரம் கியர்பாக்ஸ் போனால் பழி ஆயில் மேல் விழும். உண்மையில் அது முன்பே தேய்ந்தது.

மெஷின் ஃப்ளஷ் வேண்டாம். அழுத்தத்தோடு ஆயிலைத் தள்ளும்போது அடியில் படிந்திருந்த துகள்கள் கிளம்பி, ஆயில் ஓட்டத்தைக் கட்டுப்படுத்தும் வால்வு பாடியின் நுண்ணிய துளைகளில் போய் உட்காரலாம். மேலும் அந்த மெஷினில் முன்பு எந்த வண்டியின் எந்த ஆயில் ஓடியது என்று யாருக்குத் தெரியும்?

அதற்குப் பதில் வடித்து ஊற்றுவதையே தவணையாகச் செய்யுங்கள். ஒருமுறை வடித்தால் முழுவதும் வராது, இன்ஜினையும் கியர்பாக்ஸையும் இணைக்கும் டார்க் கன்வர்ட்டரிலும் குழாய்களிலும் கொஞ்சம் நிற்கும். மொத்தம் 7 லிட்டர் கொள்ளும் பெட்டியில் மூன்றரை லிட்டர் வடிகிறது என்று வைத்துக்கொள்ளுங்கள். முதல் முறைக்குப் பிறகு பாதி புதிது. ஆயிரம் கி.மீ. ஓட்டி இரண்டாம் முறை மாற்றினால் 75 சதவீதம், மூன்றாம் முறை 87.5 சதவீதம். அதற்கு மேல் செலவுக்கேற்ற பலன் இல்லை. அடித்தட்டு கழற்றக்கூடிய வண்டியானால் ஒரு தவணையில் தட்டைக் கழற்றிக் காந்தங்களைத் துடைத்து, ஆயிலை வடிகட்டும் வலையைப் பார்க்கச் சொல்லுங்கள். சில மாடல்களில் தனியாகக் காகித ஃபில்டரும் உண்டு, அதையும் மாற்றவேண்டும்.

நிசான் வைத்திருப்பவர்களுக்கு ஒரு வசதி. நிறுவனத்தின் ஸ்கேனரில் ஆயில் சீர்கேட்டு எண் என்று ஒன்று காட்டும். சூட்டையும் ஓட்டத்தையும் வைத்துக் கம்ப்யூட்டரே போடும் கணக்கு. 2,10,000ஐத் தாண்டியிருந்தால் மாற்றவேண்டும். மாற்றியபின் அந்த எண்ணைப் பூஜ்யமாக்கச் சொல்லுங்கள்.

கேள்வி: மலைப்பாதையில் ஏறும்போது சில நேரம் வண்டி திடீரென இழுவை குறைகிறது. சற்று நின்று போனால் சரியாகிறது.
– வாசகர், குன்னூர்

பதில்: ஆயில் அளவுக்கு மீறிச் சூடானால் கம்ப்யூட்டரே இன்ஜின் பலத்தைக் குறைத்துக் கியர்பாக்ஸைக் காக்கும். முதலில் லெவலையும் ரேடியேட்டர் தண்ணீரையும் பாருங்கள். ஏறும்போது கியர் லீவரை எல் அல்லது எஸ் நிலையில் போடுங்கள். சரிவில் ஆக்ஸிலரேட்டரை லேசாக மிதித்தே வண்டியை நிறுத்தி வைக்காமல் பிரேக்கைப் பிடியுங்கள். சூடு கிளம்புவது அங்கேதான். உங்கள் ஊரில் 30,000 கி.மீ.க்கு ஒருமுறை ஆயில் மாற்றுவது தகும்.

கேள்வி: கிரெட்டா ஐவிடிக்கும், செலிரியோ ஆட்டோமேட்டிக்குக்கும் என்ன சிவிடி ஆயில்?
– வாசகர், நாகர்கோவில்

பதில்: ஐவிடி என்பது ஹூண்டாய் வைத்த பெயர், உள்ளே சிவிடிதான், எஸ்பி-சிவிடி1 ஊற்றவேண்டும். செலிரியோவில் இருப்பது ஏஎம்டி. கையால் போடும் கியர்பாக்ஸையே மோட்டார் போடுகிறது, அதற்குச் சிவிடி ஆயில் கூடாது.

கேள்வி: சிவிடி வண்டி வழியில் நின்றுவிட்டால் கயிறு கட்டி இழுக்கலாமா?
– வாசகர், வேலூர்

பதில்: கூடாது. சிவிடிக்குள் ஆயிலைத் தள்ளும் பம்பை இன்ஜின்தான் சுற்றுகிறது. இன்ஜின் ஓடாமல் முன்சக்கரம் மட்டும் உருண்டால் உள்ளே பாகங்கள் ஆயில் இல்லாமல் சுற்றும். முன்சக்கரங்கள் இரண்டும் தரையைத் தொடாதபடி தூக்கவேண்டும், அல்லது தட்டு லாரியில் ஏற்றவேண்டும். உதவிக்குப் போன் செய்யும்போதே “சிவிடி வண்டி, தட்டு லாரி அனுப்புங்க” என்று சொல்லிவிடுங்கள்.