இலவசமாகக் கொடுத்த ரீமிக்ஸுக்கும் வழக்கு வருமா?

கேள்வி: மதுரையில் கல்யாண வீடுகளுக்கு டிஜே போடுகிறேன். 1980களின் சினிமா பாட்டுகள் 22 எடுத்து, பீட் சேர்த்து, ஒரே ஜிப் ஃபைலாக டெலிகிராம் சேனலில் இலவசமாகப் போட்டேன். ‘பாடல்கள் உரியவர்களுக்கே சொந்தம்’ என்றும் எழுதியிருந்தேன். பிடித்தவர்கள் ஜிபேயில் 20, 50 ரூபாய் அனுப்பினார்கள். இப்போது ஓர் ஆடியோ கம்பெனி 15 லட்சம் கேட்டு வக்கீல் நோட்டீஸ் விட்டிருக்கிறது. கைது செய்வார்களா?

பதில்: நீங்கள் எழுதிய அந்த வரி உங்களைக் காப்பாற்றாது. பாட்டு அடுத்தவருடையது என்று தெரிந்தே செய்தீர்கள் என்பதற்கு எதிர்த்தரப்பு அதைத்தான் காட்டும்.

வரி, மெட்டு, பதிவான ஒலி மூன்றுக்கும் பதிப்புரிமைச் சட்டத்தில் தனித்தனி உரிமை உண்டு. ஒலிப்பதிவுக்குப் பாதுகாப்பு 60 ஆண்டு; அதனால் ‘பழைய பாட்டுதானே’ என்பது எடுபடாது. மறுபடி பாடிப் பதிவு செய்யும் கவர் வெர்ஷனுக்கு 31சி பிரிவில் ஒரு வழி இருக்கிறது. நீங்களோ மூலப் பதிவையே வெட்டி ஒட்டியிருக்கிறீர்கள். (கல்யாண வீட்டில் பாட்டுப் போடுவதற்கு 52ஆம் பிரிவில் விலக்கு உண்டு. அதை இந்த ஃபைல் விஷயத்தோடு போட்டுக் குழப்பிக்கொள்ளாதீர்கள்.)

63ஆம் பிரிவில் தண்டனை 6 மாதம் முதல் 3 ஆண்டு வரை சிறை, 50,000 முதல் 2 லட்சம் வரை அபராதம். வியாபார லாபத்துக்காகச் செய்யவில்லை என்றால், தகுந்த காரணம் எழுதி நீதிமன்றம் இதைக் குறைக்கலாம். இங்கேதான் அந்த ஜிபே பணம் உதைக்கிறது. 20 ரூபாயானாலும் வரவு வரவுதான். இது ஜாமீனை உரிமையாகக் கேட்க முடியாத (நீதிமன்றம் பார்த்துத் தரலாம்) குற்றம் என்று 2022இல் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. ஆனாலும் உங்களுக்கு வந்திருப்பது வக்கீல் நோட்டீஸ், எஃப்ஐஆர் அல்ல. புகார் பதிவானால் முன்ஜாமீன் கேட்கலாம்.

சரி, இப்போது என்ன செய்வது? சேனலை ஸ்கிரீன்ஷாட் எடுத்து வைத்துக்கொண்டு, அப்புறம் ஃபைலை நீக்குங்கள். 15 லட்சம் என்பது அவர்கள் கேட்கும் தொகை, நீதிமன்றம் தீர்மானித்ததல்ல. பயந்துபோய் எதிலும் கையெழுத்துப் போடாதீர்கள், வாட்ஸ்அப்பில் மன்னிப்பும் கேட்காதீர்கள். 22 பாட்டுக்கும் உரிமை அவர்களிடம்தான் இருக்கிறதா என்று ஆவணம் கேளுங்கள். பழைய சினிமா பாட்டு யாருக்குச் சொந்தம் என்று இசையமைப்பாளர்களும் கம்பெனிகளும் சென்னை உயர் நீதிமன்றத்தில் ஆண்டுக்கணக்கில் மோதியிருக்கிறார்கள். இனி பகிர மாட்டேன் என்று உறுதிமொழி கொடுத்துச் சமரசம் பேசவும் இடமுண்டு. பதில் நோட்டீஸ் எழுதும் வக்கீலிடம் ஜிபே கணக்கை ஒரு ரூபாய் விடாமல் காட்டிவிடுங்கள்.