வெரோனிகா கார்ட்ரைட்டின் பயம்

அன்புள்ள ஆசிரியருக்கு,

போன வாரம் 'ஏலியன்' (1979) என்ற விண்வெளித் திகில் படம் பார்த்தேன். ரிப்ளியாக வரும் சிகர்னி வீவரை எல்லோரும் கொண்டாடுகிறார்கள். என்னை எரிச்சலூட்டியவர் லாம்பர்ட்டாக வரும் வெரோனிகா கார்ட்ரைட். படம் முழுக்க அழுகையும் நடுக்கமும்தான். தேடிப் பார்த்தால் அவர் பெயர் வாங்கிய படங்கள் எல்லாமே கிட்டத்தட்ட இந்த வகை. ஒரு நல்ல துணை நடிகையை அலற வைத்தே வீணடித்துவிட்டார்களா? இவருடைய எந்தப் படத்தை அடுத்துப் பார்க்கலாம்?

எம்.

அன்புள்ள எம்,

'துணை நடிகை' என்றால் நம் பேச்சில் கூட்டத்தோடு நிற்பவர். இவரைக் குணச்சித்திர நடிகை என்றே சொல்லலாமே.

லாம்பர்ட்டைப் பிடிக்காமல் போனது உங்களுக்கு மட்டும் இல்லை, கார்ட்ரைட்டுக்கும்தான். ரிப்ளி வேடத்துக்குத்தான் அவர் வசனம் வாசித்துக் காட்டினார். உடைக்கு அளவு கொடுக்கப் போன இடத்தில்தான் தனக்கு லாம்பர்ட் என்று தெரிந்தது. இவள் என்ன, அழுதுகொண்டே இருக்கிறாளே என்று தயங்கியவரிடம், பார்க்கிறவர்களின் பயம்தான் இந்தப் பாத்திரம் என்று சொல்லிச் சம்மதிக்க வைத்தார்கள்.

சமாதானத்துக்குச் சொன்னது போலத் தோன்றலாம். சாப்பாட்டு மேஜைக் காட்சியை மறுபடி போட்டு, நெஞ்சு பிளந்து சாகிறவராக வரும் ஜான் ஹர்ட்டை விட்டுவிட்டு இவர் முகத்தை மட்டும் பாருங்கள். நெஞ்சைப் பிளந்துகொண்டு ஏதோ வரப்போகிறது என்று நடிகர்களுக்குத் தெரியும். ரத்தம் எவ்வளவு பீய்ச்சும், எந்தப் பக்கம் பீய்ச்சும் என்பது தெரியாது. அது நேராக இவர் மேல் அடித்தது. அந்தப் பதற்றத்தில் நடிப்பு எங்கே முடிகிறது என்று என்னால் பிரிக்க முடியவில்லை. வெளியே வரும் அந்தப் பொம்மையை இன்று தனியாகப் பார்த்தால் சிரிப்பு வந்தாலும் வரும். அதை நம்ப வைப்பது எதிரே இருக்கும் முகம்.

இன்னொன்று. கப்பலை விட்டுவிட்டுச் சின்னக் கலத்தில் தப்பிவிடலாம், நாலு பேருக்கு இடம் இல்லையென்றால் சீட்டுப் போட்டுப் பார்க்கலாம் என்று சொல்பவளும் லாம்பர்ட்தான். நான் அங்கே இருந்திருந்தால் அவள் கட்சி. அந்த வேடத்துக்குக் கார்ட்ரைட்டுக்கு, அறிவியல் புனைவு, திகில் படங்களுக்குத் தரப்படும் சாட்டர்ன் விருது கிடைத்தது.

'வீணடித்தார்களா' என்ற கேள்வியில் ஓரளவு நியாயம் இருக்கிறது. 'தி ரைட் ஸ்டஃப்' (1983) படத்தில் விண்வெளி வீரர் கஸ் கிரிஸமின் மனைவியாக வருகிறார். கணவனின் பயணம் சொதப்பிப் போனதும் தனக்கு வரவேண்டிய மரியாதையும் போயிற்றே என்று அவர் கொதிக்கிறார், பேய் எதுவும் தேவைப்படவில்லை. அப்படிப்பட்ட வேடங்கள் அவருக்கு இன்னும் வந்திருக்க வேண்டும்.

ஆனால் திகில் படங்கள் அவருக்கு ஒரே வேலையைத் திரும்பத் திரும்பக் கொடுத்தன என்பதை ஏற்க மாட்டேன். ஹிட்ச்காக்கின் 'தி பேர்ட்ஸ்' (1963) படத்தில் சிறுமி. ஊரே பறவைகளுக்குப் பயந்து ஓடும்போது, இவை யாரையும் ஒன்றும் செய்யவில்லையே என்று தன் காதல் கிளிகளையும் கூட எடுத்துக்கொள்ளக் கேட்கிறாள். 'தி விட்ச்சஸ் ஆஃப் ஈஸ்ட்விக்' (1987) படத்தில் செர்ரிக் கொட்டையாக வாந்தி எடுக்கும் ஊர்ப் பெரிய மனுஷி. கூச்சமே இல்லாத நடிப்பு. 'தி எக்ஸ் ஃபைல்ஸ்' தொடரில் வந்ததற்கு அமெரிக்கத் தொலைக்காட்சி விருதான எம்மிக்கு இரண்டு முறை பரிந்துரை.

சரி, அடுத்து எது? 'இன்வேஷன் ஆஃப் தி பாடி ஸ்நாச்சர்ஸ்', 1978இல் வந்தது. சான் பிரான்சிஸ்கோவில் தூங்குகிறவர்களுக்குப் பதிலாக, பார்க்க அவர்களைப் போலவே இருக்கும், ஆனால் உணர்ச்சியே இல்லாத நகல்கள் எழுந்து நடமாடுகின்றன. முகத்தில் எதையும் காட்டாமல் நடந்தால் அவை நம்மைக் கண்டுகொள்வதில்லை என்று கண்டுபிடிப்பது இவர் நடித்த நான்சி. அதாவது, அலறல் நடிகை என்று நீங்கள் சொல்பவர், பயத்தை முகத்திலிருந்து துடைத்துவிட்டு நடக்க வேண்டும். உள்ளே அது இருப்பதும் நமக்குத் தெரிய வேண்டும். கடைசியில் அந்த முகம் ஓரிடத்தில் உடைகிறது. எதனால் என்று நான் சொல்லப்போவதில்லை.