நனைந்த வெங்காயமும் பூவில் விலைபேசும் மாமரமும்: வியாபாரக் கேள்விகள்

கேள்வி: சுண்ணாகம் சந்தைக்கு வெங்காயம் கொண்டுபோகிறேன். மழையில் கொஞ்சம் நனைந்துவிட்டது. நல்லதை மேலே பரப்பி வைத்தால் பிழையா? வாங்குகிறவர் கிளறிப் பார்க்கலாம்தானே?

பிழைதான். நபி (ஸல்) அவர்கள் ஒரு தானியக் குவியலுக்குள் கையை விட்டார்கள்; விரல்களில் ஈரம் பட்டது. மழை பட்டுவிட்டது என்றார் வியாபாரி. “மக்கள் பார்க்கும்படி அதை மேலே வைத்திருக்கக் கூடாதா? ஏமாற்றுபவர் என்னைச் சேர்ந்தவர் அல்லர்” என்றார்கள். அபூஹுரைரா (ரலி) அறிவிக்கும் இந்த ஹதீஸ் (நபிமொழி) ‘முஸ்லிம்’ என்ற ஹதீஸ் தொகுப்பில் இருக்கிறது. கவனியுங்கள், நனைந்ததற்காக அவரைக் கண்டிக்கவில்லை, மறைத்ததற்காகத்தான். ஆகவே நனைந்ததைத் தனியாகக் கட்டி, சொல்லி, விலை குறைத்து விற்றுவிடுங்கள். குறை தெரிந்தவர் நீங்கள். சொல்லும் கடமையும் உங்களுக்குத்தான்.

கேள்வி: கறுத்தக்கொழும்பான் மாமரத்தைப் பூவிலேயே விலைபேசி முழுக்காசும் கொடுக்கிறோம். கூடுமா?

கூடாது. பழுக்கும் அறிகுறி தெரியுமுன் கனிகளை விற்பதை நபியவர்கள் தடுத்தார்கள். அல்லாஹ் கனியைத் தராமல் விட்டால் சகோதரரின் காசை எப்படி எடுப்பீர்கள் என்று கேட்டதாக அனஸ் (ரலி) அறிவிக்கிறார்கள். ஒரு காற்றுமழைக்குப் பூ கொட்டிவிடும் என்பது உங்களுக்கே தெரியும்.

தோட்டக்காரருக்கு முன்காசு தேவை, அதுவும் உண்மை. அதற்கு ஸலம் இருக்கிறது; காசை முன்பே கொடுத்துப் பொருளைப் பிறகு வாங்கும் ஒப்பந்தம் அது. மதீனாவில் பேரீச்சம்பழத்துக்கு இரண்டு மூன்று வருடம் முன்பே காசு கொடுத்து வந்தார்கள். அளவும் எடையும் தவணையும் தெரிந்திருக்கட்டும் என்று நபியவர்கள் ஒழுங்குபடுத்தினார்கள். இன்ன இனம், இன்ன தரம், இத்தனை கிலோ, இன்ன திகதி என்று எழுதி, காசு முழுவதையும் அப்போதே கொடுங்கள். ‘இந்த மரத்துப் பழம்’ என்று மட்டும் ஒப்பந்தம் எழுதாதீர்கள்.

கேள்வி: தட்டுப்பாட்டில் விலை ஏறும்வரை அரிசியை வைத்திருக்கலாமா?

வேண்டாம். பதுக்குபவர் பாவி என்று ஹதீஸ் நேராகவே சொல்கிறது.

கேள்வி: பழைய வளையலைக் கொடுத்து, மிச்சக் காசு கட்டிப் புதுச் சங்கிலி எடுத்தேன். சரியா?

பலர் தெரியாமல் செய்வது இது. பொன்னுக்குப் பொன் என்றால் எடை சமமாக, கைக்குக் கை இருக்கவேண்டும். பழசு, புதுசு, செய்கூலி எதுவும் இதை மாற்றாது. பேரீச்சம்பழத்துக்கும் இதே விதிதான். கைபர் என்ற ஊரிலிருந்து நபியவர்களிடம் நல்ல பேரீச்சம்பழம் கொண்டுவந்தவர், மட்டமானதைக் கூடுதலாகக் கொடுத்து மாற்றியதாகச் சொன்னார். அப்படிச் செய்யாதீர், அதை விற்று அந்தக் காசில் நல்லதை வாங்கும் என்றார்கள் நபியவர்கள். நீங்களும் வளையலை விற்றுக் காசைக் கையில் வாங்குங்கள், அப்புறம் சங்கிலிக்கு விலை பேசுங்கள். அதே கடையிலும் வாங்கலாம். அங்கேயே வாங்கவேண்டும் என்ற நிபந்தனை மட்டும் இருக்கக்கூடாது.