மாற்றச் சொன்னது எதை? - வாசகர் கேள்வி பதில்

கேள்வி: நீண்ட தொகுப்பு ஒன்றைத் திருத்துகிறேன். “பையன் என்பதை எல்லா இடத்திலும் சிறுவன் என்று மாற்றவும்” என ஒரே வரியில் குறிப்பு வந்திருக்கிறது. ‘பையனை’, ‘பையனுக்கு’ போன்றவற்றையும் மாற்ற வேண்டுமா? மேற்கோளுக்குள் வந்தால்?

பதில்: உருபு ஏறிய வடிவங்களும் அதில் அடக்கம் என்றே கொள்ளுங்கள். ஒரு வரியில் சிறுவன், அடுத்த வரியில் பையனை என்று நிற்பதை யாரும் விரும்பிக் கேட்டிருக்க மாட்டார்கள். மேற்கோள், நூல் தலைப்பு, ஊர்ப்பெயர் இவற்றை, வெளிப்படையாகச் சொல்லாதவரை, தொடாதீர்கள். விட்டுப்போனதைப் பிறகும் தேடி மாற்றலாம். மிகையாக மாற்றியதைப் பிரிப்பதுதான் கடினம்: தொகுப்பில் ஏற்கெனவே சில ‘சிறுவன்’ இருந்தால், மாற்றிய பின் எது பழையது, எது புதியது என்று தெரியாது. எனவே மூலத்தின் நகலை வைத்துக்கொண்டு, இரு சொற்களும் எத்தனை முறை வருகின்றன என்று முதலில் எண்ணிக் குறியுங்கள்.

‘பையன்’ என்று தேடினால் ‘பையனை’ சிக்காது. கணினிக்கு ‘ன்’ என்பது ‘ன’வும் புள்ளியும் சேர்ந்த இரண்டு குறிகள், ‘பையனை’யில் அந்தப் புள்ளி இல்லை. புள்ளியை விட்டுவிட்டு ‘பையன’ என்பதைத் தேடி ‘சிறுவன’ என்று மாற்றினால், பெரும்பாலான எடிட்டர்களில் உருபு ஏறியவை, ஏறாதவை எல்லாம் ஒரே ஓட்டத்தில் மாறிவிடும். ஆனால் ‘பையன்கள்’ ‘சிறுவன்கள்’ ஆகும். அதை மட்டும் முன்கூட்டியே ‘சிறுவர்கள்’ ஆக்கிவிடுங்கள். ‘பையனூர்’ ‘சிறுவனூர்’ ஆகிவிடும் ஆபத்தும் உண்டு.

பலரும் கோட்டைவிடுவது ஒற்றில். ‘அந்தப் பையன்’ இப்போது ‘அந்தப் சிறுவன்’ என்று நிற்கும்; ‘பள்ளிப்பையன்’ ‘பள்ளிப்சிறுவன்’ என்று இன்னும் கோரமாக. ‘ப் சிறுவ’ என்பதை ‘ச் சிறுவ’ என்றும், இடைவெளியில்லாத ‘ப்சிறுவ’ என்பதை ‘ச்சிறுவ’ என்றும் மாற்ற இன்னும் இரண்டு ஓட்டம் தேவை. குறிப்பு எழுதியவர் இதைச் சொல்லியிருக்க மாட்டார். ஆனாலும் அது உங்கள் வேலைதான்.

கேள்வி: ‘இடது’, ‘வலது’ இரண்டையும் இடம் மாற்றச் சொன்னார்கள். முடிவில் எல்லாமே ‘இடது’ ஆகிவிட்டது.

பதில்: முதல் ஓட்டத்திலேயே எல்லாம் ‘வலது’ ஆகிவிட்டது, இரண்டாவது ஓட்டம் அத்தனையையும் திருப்பிவிட்டது. ‘இடது’ என்பதை முதலில் #1# போல உரையில் வராத ஓர் அடையாளமாக மாற்றுங்கள். பிறகு ‘வலது’ என்பதை ‘இடது’ ஆக்கி, கடைசியில் அடையாளத்தை ‘வலது’ ஆக்குங்கள்.

கேள்வி: “முழுச்சொல் மட்டும்” என்று குறிப்பு. ரீஜெக்ஸில் (சொல்லின் வடிவத்தைக் குறிகளால் விவரித்துத் தேடும் முறை) சொல் எல்லைக் குறி போட்டால் ஒன்றுமே கிடைப்பதில்லை.

பதில்: குறை உங்கள் தேடலில் இல்லை. பைதான் நிரல்மொழியின் இயல்பான ரீஜெக்ஸ், புள்ளியையும் உயிர்க்குறிகளையும் எழுத்தாகவே எண்ணுவதில்லை. புள்ளியில் முடியும் சொல்லுக்குப் பின் இடைவெளி வந்தால் அங்கே எல்லை இருப்பதாக அதற்குத் தெரியாது. ஜாவாஸ்கிரிப்டின் எல்லைக் குறியோ ஆங்கில எழுத்து, எண், அடிக்கோடு தவிர வேறெதையும் அறியாது. அதை விட்டுவிட்டு, சொல்லுக்கு முன்னாலும் பின்னாலும் தமிழ் யூனிகோடு தொகுதியின் எந்தக் குறியும் வரக்கூடாது என்று நிபந்தனை எழுதுங்கள்.

அப்படியும் சில இடங்கள் நழுவினால் ஒகர, ஓகாரச் சொற்களைப் பாருங்கள். ‘கொ’வில் உள்ள உயிர்க்குறியை ஒரே குறியாகவும் உள்ளிடலாம், ஒற்றைக் கொம்பும் காலுமாக இரண்டு குறிகளாகவும் உள்ளிடலாம். திரையில் வேறுபாடு தெரியாது. தேடலுக்கு அவை இரண்டு வேறு சொற்கள். மாற்றத்தைத் தொடங்குமுன் உரை முழுவதையும் என்எஃப்சி (NFC) வடிவுக்கு, அதாவது இப்படிப் பிரிந்த குறிகளை ஒன்றாகச் சேர்க்கும் யூனிகோடு வடிவுக்கு, கொண்டுவந்துவிடுங்கள், தேடும் சொல்லையும்தான்.