தலையில் நிற்கிற தொப்பி: மாறுவேடக் கேள்வி பதில்

ஆகஸ்ட் 15 நெருங்கினால் பள்ளிகளில் மாறுவேடப் போட்டி. அதை ஒட்டியே கிருஷ்ண ஜெயந்தி. பள்ளி நாடகங்களுக்கு வேடப் பொருட்கள் செய்து தருகிறவள் என்பதால், இந்த மாதம் முழுக்க என்னிடம் வரும் கேள்விகளில் பாதி தலையைப் பற்றியவை. உடையை யாரிடமாவது கடன் வாங்கிவிடலாம், தொப்பியை முடியாது. அது அந்தப் பிள்ளையின் தலைக்கென்றே செய்ய வேண்டியது. வந்த கேள்விகளைச் சுருக்கிப் பதிலோடு தருகிறேன்.

சார்ட் பேப்பரில் ராஜா கிரீடம் செய்தேன். பார்க்க அழகாக இருக்கிறது, ஆனால் மகன் குனிந்தாலே கண்ணை மறைத்துக்கொண்டு இறங்குகிறது. இரண்டாம் வகுப்பு. (திருநெல்வேலியிலிருந்து ஒரு அம்மா)

அளவு எடுக்காமல் செய்திருப்பீர்கள், அல்லது தலையின் மேல்பக்கம் அளந்திருப்பீர்கள். புருவத்துக்கு ஒரு விரல் மேலே, காதுக்குச் சற்று மேலே, பின்மண்டை புடைத்திருக்கும் இடத்தின் வழியாக டேப்பைச் சுற்றுங்கள். டேப் இல்லையென்றால் நூல் போதும். அந்த வயதில் பெரும்பாலும் 51 முதல் 53 செ.மீ. வரை வரும். அதோடு ஒரு செ.மீ. மட்டும் கூட்டுங்கள். ஒட்டுவதற்கான மடிப்பு தனியாக 3 செ.மீ. முழு சார்ட் பேப்பரின் நீளம் ஏறக்குறைய 71 செ.மீ., ஆகவே ஒட்டுப் போடாமல் ஒரே துண்டில் வரும்.

இப்போது கையில் இருப்பதை வீணாக்க வேண்டாம். பழைய டி-ஷர்ட்டில் இரண்டு விரல் அகலத்துக்கு ஒரு பட்டை வெட்டி, உள்பக்கம் நெற்றி படும் இடம் முழுவதும் ஒட்டுங்கள். இன்னும் லூசாக இருந்தால் பின்பக்கம் மட்டும் பாத்திரம் தேய்க்கும் ஸ்பாஞ்சில் ஒரு துண்டு வையுங்கள். முன்பக்கம் வைத்தால் கிரீடம் பின்னால் சாயும். அப்புறம், தலையில் எண்ணெய் வைத்து அனுப்பாதீர்கள். தேங்காய் எண்ணெய் சார்ட்டில் ஊறினால் அரைமணி நேரத்தில் கறை வெளியே தெரியும். வைத்தே ஆகவேண்டும் என்று வீட்டில் பாட்டி சொன்னால், உள்ளே அகல செல்லோடேப் ஒட்டிவிடுங்கள்.

கெட்டியாக இருக்கட்டும் என்று அட்டைப்பெட்டியில் வெட்டினேன். வளைக்கும்போது ஆங்காங்கே ஒடிகிறது.

பெட்டி அட்டையை ஓரத்திலிருந்து பாருங்கள், நடுவில் வரிவரியாக ஒரு தாள் ஓடும். கிரீடத்தைத் தலையில் வைக்கும்போது அந்த வரிகள் நேராக மேல்நோக்கி நிற்கும்படி வெட்ட வேண்டும். அப்போது பாய் சுருட்டுகிற மாதிரி சுருளும். படுக்கையாக ஓடினால் ஒடியத்தான் செய்யும். இன்னொரு வழி, உள்பக்கத் தாளை லேசாக ஈரம் செய்து உரித்துவிடுவது.

ஆனால் சிறு பிள்ளைகளுக்கு அட்டைப்பெட்டியே வேண்டாம் என்பேன். ஸ்வீட் பாக்ஸ் அட்டை போதும். அதைவிட நல்லது பழைய கல்யாணப் பத்திரிகை. தங்க நிற வேலைப்பாடு, பிள்ளையார், பூ எல்லாம் ஏற்கெனவே அச்சாகி இருக்கும். வெட்டி ஒட்டினால் பாதி அலங்காரம் முடிந்தது. ஓரத்துக்கு நைந்த பட்டுப்புடவையின் ஜரிகை பார்டர். சமிக்கியை ஒவ்வொன்றாக ஒட்டி ராத்திரி இரண்டு மணி வரை உட்கார வேண்டியதில்லை. பார்க்கிறவர்கள் பத்தடி தள்ளித்தான் இருப்பார்கள், அங்கிருந்து பொடி வேலை எதுவும் தெரியாது. பெரிதாக ஒரு சிவப்புக் கல், இரண்டு பச்சைக் கல், அது போதும்.

தெர்மகோலில் கிரீடம் செதுக்கித் தங்க நிற ஸ்பிரே அடித்தோம். குழி குழியாக உருகிவிட்டது. பெயின்ட் மட்டமா?

பெயின்ட் மேல் தப்பில்லை. ஸ்பிரேயில் இருக்கும் கரைப்பான் தெர்மகோலைக் கரைத்துவிடும். ஃபெவிக்விக்கும் தெர்மகோலை அரிக்கலாம். சூடான க்ளூ கன்னும் ஆகாது. வெள்ளை ஃபெவிகாலும் தண்ணீர் கலந்த அக்ரிலிக் அல்லது போஸ்டர் கலரும்தான் அதற்குச் சரி. ஃபெவிகாலில் கொஞ்சம் தண்ணீர் கலந்து இரண்டு பூச்சு பூசிக் காயவைத்து, மேலே நியூஸ் பேப்பர் ஒரு அடுக்கு ஒட்டி, அதன்பிறகு தங்க நிற அக்ரிலிக் பூசுங்கள்.

இன்னொன்று, அலங்காரத்துக்கான தெர்மகோல் 2022 ஜூலை 1 முதல் நாடு முழுக்கத் தடை செய்யப்பட்ட பொருட்களில் ஒன்று. வீட்டில் டிவி வந்த பெட்டியில் கிடந்ததை வைத்துச் செய்திருக்கலாம். இனி செய்வதாக இருந்தால் அட்டைக்கு வந்துவிடுங்கள்.

பாரதியார் வேடம். முண்டாசு கட்டினால் மேடை ஏறும் முன்பே அவிழ்கிறது.

துப்பட்டாவில் கட்டுகிறீர்கள், சரியா? பாலியஸ்டர் வழுக்கும். பழைய மல் வேட்டி அல்லது காட்டன் துணியில், இரண்டு மீட்டர் நீளம், ஒரு முழம் அகலம் எடுங்கள். லேசாகக் கஞ்சி போட்டு, முழுசாகக் காய்வதற்குள் கட்டினால் மடிப்பு நிற்கும்.

குழந்தையின் தலையில் கட்டிப் பழகாதீர்கள், அவன் பொறுமை போய்விடும். அவன் தலையளவுக்குச் சரியாக இருக்கும் பாத்திரத்தைக் கவிழ்த்துவைத்து, அதன்மேல் ஒரு பழைய துணித் தொப்பியைப் போட்டு, அதைச் சுற்றிக் கட்டுங்கள். துணியை நீளவாக்கில் மூன்றாக மடித்து, ஒவ்வொரு சுற்றும் முந்தையதைப் பாதி மறைக்கும்படி சாய்வாகப் போகட்டும். நெற்றிக்கு நடுவில் குறுக்காக ஒருமுறை வரட்டும். ஒவ்வொரு சுற்றையும் உள்தொப்பியோடு சேர்த்து வெள்ளை நூலால் நான்கு இடத்தில் தையுங்கள். குண்டூசி வேண்டவே வேண்டாம். பின்னால் ஒரு சாண் வால் விட்டால் அழகு. பாத்திரத்திலிருந்து எடுத்தால் தொப்பி மாதிரி போட்டுக் கழற்றலாம், டிசம்பர் 11 பாரதி பிறந்தநாளுக்கும் அதையே எடுத்துக்கொள்ளலாம்.

மீசைக்கு என்ன செய்வது என்று கூடவே கேட்டிருக்கிறீர்கள். கண்மை. ஒட்டுமீசை வியர்வையில் விழுந்துவிடும்.

எங்கள் பள்ளியில் கட்டபொம்மன் நாடகம். என் பெண் ஜாக்சன் துரை. வெள்ளைக்காரத் துரை தொப்பி எப்படிச் செய்வது?

எனக்குப் பிடித்த கேள்வி. முதலில் எந்தத் தொப்பி என்று முடிவு செய்யுங்கள். எல்லோரும் மனதில் வைத்திருப்பது அந்த வெள்ளைக் குவிந்த சோலா தொப்பி. அது தஞ்சாவூர் நெட்டி வேலைக்குப் பயன்படும் அதே நெட்டியில் செய்வது. எடையே இருக்காது, வெயிலும் இறங்காது. ஆனால் அது பரவலானது பத்தொன்பதாம் நூற்றாண்டில். கட்டபொம்மன் ஜாக்சனைச் சந்தித்தது 1798-இல், கயத்தாறில் தூக்கிலிடப்பட்டது 1799 அக்டோபர் 16-இல். அந்தக் காலத்து ஐரோப்பிய அதிகாரிகளின் படங்களில் அடிக்கடி வருவது இரண்டு பக்கமும் முனை நீண்ட கறுப்புத் தொப்பி.

நல்லவேளையாக, அதுதான் செய்யவும் சுலபம். கறுப்பு சார்ட்டில் பிறை வடிவத்தில், 45 செ.மீ. அகலம், நடுவில் 18 செ.மீ. உயரத்துக்கு, ஒரே அளவில் இரண்டு வெட்டுங்கள். ஒன்றன்மேல் ஒன்று வைத்து, மேல் வளைவையும் இரண்டு முனைகளையும் ஒட்டுங்கள். கீழே நடுவில் 27 செ.மீ. மட்டும் திறந்திருக்கட்டும், தலை அதற்குள் போகும். உள்ளே தலையளவுக்கு ஒரு வளையம் செய்து ஒட்டினால்தான் ஆடாமல் நிற்கும். ஓரத்தில் ஜரிகை, பக்கவாட்டில் சிவப்பு ரிப்பன் பூ. ஸ்டேப்ளர் அடித்தால் பின்னின் கால்கள் வெளிப்பக்கம் வரும்படி அடித்து, மேலே டேப் ஒட்டுங்கள்.

டீச்சர் சோலா தொப்பிதான் வேண்டும் என்றால், அதுவும் ஆகும், ஆனால் நான்கு நாள் கையில் வேண்டும். பலூனைத் தலைச்சுற்றளவைவிட இரண்டு மூன்று செ.மீ. கூடுதலாக ஊதி, ஒரு கிண்ணத்தில் உட்காரவையுங்கள். நியூஸ் பேப்பரை வெட்டாமல் கையால் பட்டை பட்டையாகக் கிழியுங்கள், கிழித்த ஓரம் படிந்து ஒட்டும். மைதா பசையில் தோய்த்து, மேல் பாதியில் மட்டும் ஒரு அடுக்கு நெடுக்காக, அடுத்தது குறுக்காக. இரண்டு அடுக்குக்கு ஒருமுறை நன்றாகக் காயவிட்டு மொத்தம் ஆறு அடுக்கு. காய்ந்தபின் பலூனை உடைத்து, ஓரத்தைக் கத்தரிக்கோலால் சீர் செய்யுங்கள்.

விளிம்புக்கு அட்டையில் முட்டை வடிவ வளையம், 5 செ.மீ. அகலம், முன்னும் பின்னும் கொஞ்சம் நீளமாக. விளிம்பு கீழ்நோக்கிச் சரிய வேண்டும் இல்லையா? வளையத்தை ஓரிடத்தில் வெட்டி, ஒரு விரல் அளவு ஏற்றி ஒட்டினால் தானே சரியும். அப்படி ஏற்றும்போது உள்வட்டம் சிறுக்கும் என்பதால் முதலிலேயே சற்றுப் பெரிதாக வெட்டுங்கள். மேலே பழைய வெள்ளை வேட்டித் துணியை ஒட்டி, சுற்றிலும் மடிப்பு மடிப்பாக ஒரு பட்டை. உச்சியில் நான்கு துளை போடுங்கள், உள்ளே புழுங்கும்.

(அவரே மீண்டும்) மைதா பசை எப்படிக் காய்ச்சுவது? எறும்பு, பூஞ்சை வருமே? மயில்துத்தம் போடலாமா?

ஒரு கப் மைதாவை ஒரு கப் பச்சைத் தண்ணீரில் கட்டியில்லாமல் கரைத்து, கொதிக்கும் நான்கு கப் தண்ணீரில் ஊற்றிக் கிளறிக்கொண்டே இருங்கள். கண்ணாடி மாதிரி ஆனதும் இறக்கி, ஆறியதும் இரண்டு ஸ்பூன் ஃபெவிகால்.

மயில்துத்தம் பைண்டிங் கடைக்காரர்கள் பசையில் போடுவது. அது விஷம், பிள்ளை தலையில் வைக்கும் பொருளில் கூடாது. ஈரம் தங்கினால்தான் பூஞ்சை வரும். வெயிலில் காயவையுங்கள். மழை நாளாக இருந்தால் ஃபேன் அடியில், ஒரு நாள் கூடுதலாக.

காந்தி வேடத்துக்குக் காந்தி குல்லா வேண்டாமா? பள்ளியில் குல்லா இல்லாமல் வரச் சொல்கிறார்கள்.

பள்ளி சொல்வது சரி. அரை வேட்டி, தடி, கண்ணாடி என்று வேடம் போட்டால் குல்லா பொருந்தாது. 1921 செப்டம்பரில் மதுரையில் அரை வேட்டிக்கு மாறியபோதே அவர் குல்லாவையும் விட்டுவிட்டார். குல்லா நேரு வேடத்துக்கு வையுங்கள்.

நேரு குல்லாவும் நேதாஜி தொப்பியும் ஏறக்குறைய ஒரே வெட்டுதான். 28 செ.மீ. நீளம், 11 செ.மீ. உயரத்தில் இரண்டு பட்டை, முன்னும் பின்னும் ஒட்டி, மேலே படகு வடிவத்தில் ஒரு துண்டு. வெள்ளைக் கதர் ஒட்டினால் நேரு, அப்பாவின் பழைய காக்கி பேன்ட் துணியை ஒட்டினால் நேதாஜி.

நாங்கள் புதுச்சேரி. போலீஸ் வேடம் என்றால் காக்கித் தொப்பி எல்லோரும் போடுகிறார்கள், என் மகனுக்கு எங்கள் ஊர் சிவப்புத் தொப்பி வேண்டுமாம்.

நல்ல பையன். பிரெஞ்சுக்காரர்கள் விட்டுப்போன கெப்பி அது. வேறு ஊரில் இந்த வேடம் எடுபடாது, உங்கள் ஊரில் கைதட்டு நிச்சயம்.

சிவப்பு சார்ட்டில் 10 செ.மீ. உயரப் பட்டை, தலையளவு கூட்டல் ஒட்டும் மடிப்பு. மேல் ஓரத்தில் ஒரு செ.மீ. ஆழத்துக்குச் சுற்றிலும் வெட்டி உள்ளே மடியுங்கள், மேல்மூடி அதில் உட்காரும். மூடியை வட்டமாக வெட்டுவதுதான் எல்லோரும் செய்வது. ஆனால் நம் தலை வட்டமில்லை. 52 செ.மீ. சுற்றளவு என்றால் முன்பின் 18, பக்கவாட்டில் 15 என்று முட்டை வடிவமாக வெட்டுங்கள், தொப்பி சுழலாது. முன்விளிம்புக்குக் கறுப்பு பிளாஸ்டிக் ஃபைல் அட்டை, பிறை வடிவம், நடுவில் 5 செ.மீ. தலைப் பக்க ஓரத்தைச் சிறு சிறு நாக்குகளாக வெட்டி மேல்நோக்கி மடித்துப் பட்டைக்குள் ஒட்டுங்கள். பிளாஸ்டிக்கில் ஃபெவிகால் பிடிக்காது. இங்கேதான் க்ளூ கன், அதுவும் பெரியவர்கள் கையில்.

டொரன்டோவில் இருக்கிறோம். ஹாலோவீனுக்கு மகளுக்குச் சூனியக்காரித் தொப்பி. கூம்பு எப்போதும் கோணலாகவே வருகிறது.

காகிதத்தைச் சும்மா சுருட்டினால் கோணலாகத்தான் வரும். முழு வட்டத்தின் கால் பகுதியை வெட்டிச் சுருட்டுங்கள். ஆரம் 35 செ.மீ. வைத்தால் வளைந்த ஓரம் 55 செ.மீ. இருக்கும். 3 செ.மீ. ஒட்டுக்குப் போக 52. காம்பஸ் வேண்டாம், நூலில் பென்சிலைக் கட்டி ஒரு மூலையில் பிடித்து இழுத்தால் போதும். அடியில் அகல விளிம்பு, முன்பு சொன்ன நாக்கு முறையில். அங்கே அக்டோபர் கடைசியில் குளிர் என்பதால் உள்ளே கம்பளிக் குல்லா போடுவீர்கள். அதைப் போட்டபடியே தலையை அளந்துகொள்ளுங்கள்.

ஒரு வயசுக் குழந்தைக்குக் கிருஷ்ணர் கிரீடம்?

கிரீடம் வேண்டாம். ஒரு நிமிடத்தில் பிடுங்கி வாயில் வைக்கும். மென்மையான துணி ஹேர்பேண்டில் ஜரிகை தைத்து ஒரு மயிலிறகு. இறகின் காம்பைக் குட்டையாக வெட்டி, நுனியில் டேப் சுற்றி, துணிக்குள் தைத்துவிடுங்கள். கல், முத்து, சமிக்கி எதுவும் கூடாது.

யூகேஜி பட்டமளிப்புத் தொப்பி.

கறுப்பு சார்ட்டில் 6 செ.மீ. பட்டை, மேலே 22 செ.மீ. சதுர அட்டை, நடுவில் ஒரு பட்டன், அதிலிருந்து உல்லன் நூல் குஞ்சம். அவ்வளவுதான்.

தெருக்கூத்துக் கிரீடம் மாதிரி பெரிதாகச் செய்ய ஆசை. பையனுக்குப் பதினான்கு வயசு.

செய்யலாம், ஆனால் எடையை யோசியுங்கள். கூத்துக்காரர்களே கல்யாண முருங்கை போன்ற லேசான மரத்தில் செதுக்கி, மேலே கண்ணாடித் துண்டும் வண்ணக் காகிதமும் ஒட்டுகிறார்கள். அதைத் தலையில் துணியால் இறுக்கிக் கட்டிக்கொண்டுதான் ஆடுகிறார்கள். நீங்கள் அட்டைப்பெட்டியில் வெட்டி, கண்ணாடிக்குப் பதில் வெள்ளி நிறக் காகிதம் ஒட்டுங்கள். பின்பக்கம் இரண்டு பக்கமும் நாடா வைத்து, முதலில் தலையில் ஒரு துணியைச் சுற்றி, அதன்மேல் கிரீடத்தை வைத்துப் பின்னால் கட்டுங்கள். தாடைக்குக் கீழே எலாஸ்டிக் போடாதீர்கள், வசனம் பேச வாய் திறக்கும்போதெல்லாம் கிரீடம் ஆடும்.

நாளைக் காலை போட்டி, இப்போதுதான் டைரியைப் பார்த்தேன். கடைகள் மூடிவிட்டன. வேலு நாச்சியார்.

பழைய நோட்டின் பின்னட்டை நாலைந்து, ஒரு ஜரிகை பிளவுஸ் துணி, ஃபெவிகால், ஒரு நெக்லஸ். அட்டைகளை நீளமாக ஒட்டித் தலையளவுக்கு 8 செ.மீ. பட்டை செய்து, பிளவுஸ் துணியைச் சுற்றி ஒட்டுங்கள். நெற்றி நடுவில் நெக்லஸின் பதக்கம் வரும்படி நூலால் கட்டுங்கள். கொண்டை போட்டு, அதைச் சுற்றிப் பட்டை உட்காரட்டும், நான்கு ஹேர்பின் குத்துங்கள். ஃபெவிகால் காய ஏழெட்டு மணி நேரம் ஆகும், அதனால் இதை முதலில் ஒட்டிவைத்துவிட்டு வாள் வெட்ட உட்காருங்கள்.