அபராதம் கட்டியும் டிராக்டர் ஸ்டேஷனிலேயே நிற்கிறது

கேள்வி: லால்குடி பக்கம் விவசாயம் செய்கிறேன். நான்கு மாதம் முன்பு ஒரு ராத்திரி, எனக்குத் தெரியாமல் டிரைவர் என் டிராக்டரைக் கொள்ளிடத்துக்கு ஓட்டிப்போய் மணல் ஏற்றி வந்தபோது போலீஸ் பிடித்துவிட்டது. ஆர்.டி.ஓ. (வருவாய்க் கோட்டாட்சியர்) அலுவலகத்தில் அபராதம் கட்டி ரசீதும் வாங்கிவிட்டேன். ஸ்டேஷனில் காட்டினால், "திருட்டு கேஸ் இருக்கு, கோர்ட்டுக்குப் போங்க" என்கிறார்கள். வண்டியைத் தராமல் வைத்திருக்க அவர்களுக்கு அதிகாரம் உண்டா?

பதில்: உண்டு. கேட்கக் கசப்பாக இருந்தாலும், ஸ்டேஷனில் சொன்னது சரிதான். பிடித்தது ஒரே லோடு, ஆனால் அதன் மேல் ஓடுவது இரண்டு வழக்கு. நடைச்சீட்டு (கனிமத்தைக் கொண்டுபோக அனுமதிச் சீட்டு) இல்லாமல் கனிமம் ஏற்றியதற்கு 1957-ஆம் ஆண்டின் சுரங்கங்கள், கனிமங்கள் சட்டப் பிரிவு 21 ஒன்று. அரசுக்குச் சொந்தமான ஆற்றிலிருந்து மணலை எடுத்ததற்குத் திருட்டு வழக்கு இன்னொன்று, முன்பு இ.பி.கோ. 379, 2024 ஜூலை 1 முதல் பாரதிய நியாய சன்ஹிதா 303(2). இரண்டும் சேர்ந்தே ஓடலாம் என்று 2014-லேயே சஞ்சய் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. நீங்கள் கட்டிய தொகை பிரிவு 23ஏ-யின்படி சமரசக் கட்டணம், அதாவது வழக்கு நடத்தாமல் முடித்துக்கொள்ளக் கட்டும் பணம். அது முதல் வழக்கைத்தான் முடிக்கும். திருட்டு வழக்கை அது தொடாது என்பது 2020 டிசம்பரில் ஜெயந்த் வழக்கில் வந்த தீர்ப்பு.

இதில் எனக்கு உறுத்துவது வேறு. அந்த ரசீது யார் பெயரில் இருக்கிறது? பணம் கட்டும்போது என்ன எழுதிக் கையெழுத்துப் போட்டீர்கள்? சமரசம் என்றாலே குற்றம் செய்தவர் கேட்பது. உங்கள் பெயரில் மனுக் கொடுத்து உங்கள் பெயரில் ரசீது வாங்கியிருந்தால், "எனக்குத் தெரியாமல் டிரைவர் செய்தான்" என்று நாளைக்குச் சொல்லும்போது அரசு வழக்கறிஞர் அந்தத் தாளைத்தான் முதலில் நீட்டுவார். அந்த மனுவின் நகலை உடனே வாங்கிப் பாருங்கள். பணத்தைக் கட்டிவிட்டு அப்புறம் வக்கீலைத் தேடி வருவது நம் ஊர் வழக்கமாகிவிட்டது.

சரி, வண்டிக்கு வருவோம். வழக்கு முடியும்வரை வண்டியை உங்கள் பொறுப்பில் ஒப்படைக்கக் கேட்டு நீதிமன்றத்தில் மனுப் போட வேண்டும். பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில் 451, 457 என்று இருந்தவை இப்போது பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவில் 497, 503. எஃப்.ஐ.ஆரில் கனிமச் சட்டப் பிரிவும் இருந்தால் மாஜிஸ்ட்ரேட்டிடம் போவதா, கனிம வழக்குகளுக்கான சிறப்பு நீதிமன்றத்துக்குப் போவதா என்ற கேள்வி வரும். எஃப்.ஐ.ஆர். நகலை வைத்து அதை முதலில் முடிவு செய்யுங்கள். தப்பான கோர்ட்டில் போட்டு மாதக்கணக்கில் இழந்தவர்கள் உண்டு.

கிடைக்குமா? 2002-இல் சுந்தர்பாய் அம்பாலால் தேசாய் வழக்கில், வண்டிகளை ஸ்டேஷன் வளாகத்தில் நெடுங்காலம் போட்டு வைப்பதில் பயனில்லை, பிணையும் உத்தரவாதமும் வாங்கிக்கொண்டு விட்டுவிடுங்கள் என்றது உச்ச நீதிமன்றம். ஆனால் மணல் வண்டிக்கு மட்டும் நம் பக்கம் கதை வேறு. இடைக்காலமாகவும் விடக்கூடாது, பறிமுதல் நடவடிக்கை எடுங்கள் என்று 2018 அக்டோபரில் சென்னை உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளை கண்டிப்பாகச் சொன்னது. அதிலிருந்து கீழ் கோர்ட்டுகள் தயங்குகின்றன. பிறகு நிபந்தனையோடு விட்ட உத்தரவுகளும் இருக்கின்றன. இது முதல் வழக்கு, வண்டி உழவுக்கானது, நான்கு மாதமாக வெயிலிலும் மழையிலும் நிற்கிறது: இந்த மூன்றையும் மனுவில் அழுத்திச் சொல்லுங்கள். டயர் வெடித்து, பேட்டரி செத்து நிற்கும் நிலையைப் போட்டோ எடுத்து இணையுங்கள். கீழே தள்ளுபடியானால் மதுரைக் கிளைக்குப் போகலாம்.

டிராக்டருக்கு ஆர்.சி. இருக்கும். டிரெய்லருக்கு இருக்கிறதா? பாதிப் பேர் இங்கேதான் மாட்டுகிறார்கள். இரண்டுக்கும் தனித்தனிப் பதிவு. டிரெய்லர் பதிவாகாமல் இருந்தால், உரிமையாளர் நீங்கள்தான் என்று காட்ட வாங்கிய பில்லாவது வேண்டும். கடன் பாக்கி இருந்தால் ஃபைனான்ஸ் கம்பெனியிடமும் பேசிவிடுங்கள். அவர்கள் தனியாக மனுப் போட்டால் உங்களுக்குச் சிக்கல்.

இடைக்காலமாகக் கையில் வந்தாலும் வண்டி இன்னும் உங்களுடையதாகிவிடவில்லை. விற்கவோ, அடையாளத்தை மாற்றவோ முடியாது, கூப்பிட்ட அன்று கொண்டுபோய் நிறுத்த வேண்டும். பிரிவு 21(4ஏ)-யின்படி வண்டியை நிரந்தரமாகப் பறிமுதல் செய்யும் அதிகாரம் நீதிமன்றத்துக்கு உண்டு. போலீசுக்கோ கோட்டாட்சியருக்கோ அந்தப் பிரிவு அதைக் கொடுக்கவில்லை. போதைப்பொருள் சட்டத்தில், தன் அறிவுக்கு வராமல் வண்டி பயன்பட்டது என்று உரிமையாளர் நிரூபித்தால் தப்பலாம் என வெளிப்படையாகவே எழுதியிருக்கிறார்கள். கனிமச் சட்டத்தில் அப்படி ஒரு வரி இல்லை. அதனால் உங்களுக்குத் தெரியாது என்பதை வெறும் வாய்ப்பேச்சாக விடாதீர்கள். அன்று ராத்திரி நீங்கள் எங்கே இருந்தீர்கள், சாவி எங்கே தொங்கும், டிரைவருக்குச் சம்பளம் எப்படி, பிடிபட்டதும் அவரை நிறுத்தினீர்களா, எல்லாவற்றுக்கும் சாட்சியோ தாளோ தேடி வையுங்கள். ஸ்டேஷனில் டிரைவர் கொடுத்ததாகச் சொல்லும் ஒப்புதல் வாக்குமூலம் உங்களுக்கு எதிராகச் சாட்சியம் ஆகாது. மகசர் (வண்டியைப் பிடித்தபோது போலீஸ் எழுதிய குறிப்பு) நகலையும் வாங்குங்கள்: பிடித்தது ஆற்றுப் படுகையிலா, ரோட்டிலா, எவ்வளவு யூனிட், நேரம் என்ன என்று அதில் எழுதியிருப்பதைப் பார்த்த பிறகுதான் மனுவை எப்படி எழுதுவது என்று முடிவு செய்ய முடியும்.